ப்ராம்ப்டர் நின்ற இடம்

நம் ஸ்டுடியோவுக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு,

நான் ஸ்டுடியோ சாவியை உங்களிடம் ஒப்படைக்க வந்த அன்று உங்களில் ஒருவர் கேட்டீர்கள்: "ஆன்ட்டி, ப்ராம்ப்டர் ஆப்ல அடிக்கடி வர்ற ப்ராப்ளம் எல்லாம் எழுதிக் கொடுத்துட்டுப் போங்களேன்."

சரியென்று வீட்டுக்கு வந்து உட்கார்ந்தேன். எழுத்து ஓடாமல் நிற்பது, பாதியில் திரை அணைவது, ரிமோட் வேலை செய்யாதது, போன் சூடாகி மங்கிப்போவது என்று வரிசையாக ஞாபகம் வந்தது. பிறகு யோசித்துப் பார்த்தால் இதெல்லாம் அந்த ஆப்பின் உதவிப் பக்கத்திலேயே இருக்கிறது, நான் எழுதுவதைவிடத் தெளிவாக. அதோடு நான் எழுதி முடிப்பதற்குள் ஒரு அப்டேட் வந்து பட்டன் எல்லாம் இடம் மாறியிருக்கும். அதனால் உதவிப் பக்கத்தில் இல்லாததை எழுதுகிறேன்.

நம் கருவி எப்படி வேலை செய்கிறது என்பது உங்களுக்குத் தெரியும். இருந்தாலும் ஒரு தடவை சொல்லிவிடுகிறேன், பின்னால் வேண்டியிருக்கிறது. ஒரு சின்னப் பெட்டியில் போனை மல்லாக்கப் படுக்க வைக்கிறோம். அதற்கு மேலே சாய்வாக ஒரு கண்ணாடி. கண்ணாடிக்குப் பின்னால் கேமரா. போனில் ஓடும் எழுத்து கண்ணாடியில் தெரியும், பேசுகிறவர் கேமராவைப் பார்த்தபடியே படித்துவிடலாம். கண்ணாடியில் நேராகத் தெரிய வேண்டும் என்பதற்காகப் போனில் எழுத்து இடவலம் மாறி ஓடும். அவ்வளவுதான் சூட்சுமம்.

முதலில் ஒரு சின்ன சம்பவம்.

சன்னிவேலில் ஒரு பல் டாக்டர் இருக்கிறார், மதுரைக்காரர். புதிதாக க்ளினிக் திறந்தபோது விளம்பர வீடியோ எடுக்கப் போயிருந்தேன். அவருடைய போனிலேயே ஆப்பைப் போட்டிருந்தோம். "வீ ட்ரீட் எவ்ரி பேஷண்ட் லைக்" என்று சொல்லிக்கொண்டு வருகிறார். அடுத்து 'ஃபேமிலி' என்று வர வேண்டும். சரியாக அந்த நேரம் ஒரு அழைப்பு வந்து எழுத்தை மறைத்துக்கொண்டது. போனில் பதிந்து வைத்திருந்த பெயர் ஆங்கிலத்தில் AMMA, கண்ணாடியில் திரும்பினாலும் அதேதான்; டாக்டர் கண்ணில் பட்டதைப் படித்தார்: "வீ ட்ரீட் எவ்ரி பேஷண்ட் லைக் அம்மா."

ரிசப்ஷனில் இருந்த பெண் உட்பட எல்லாரும் சிரித்துவிட்டோம். போனை ஏரோப்ளேன் மோடில் போட்டேன், பிரச்சினை தீர்ந்தது. ஆனால் அதற்கப்புறம் டாக்டருக்கு ஒரு வரியும் சரியாக வரவில்லை. எழுத்து ஒழுங்காக ஓடுகிறது, ஒளி நன்றாக இருக்கிறது, மனிதர் தடுமாறிக்கொண்டே இருக்கிறார். நான் ஆப்பின் வேகத்தைக் குறைத்தேன், எழுத்தைப் பெரிதாக்கினேன். ஒன்றும் உதவவில்லை. அப்புறம்தான் மண்டையில் உறைத்தது. இங்கே அமெரிக்காவில் மதியம் என்றால் மதுரையில் ஊரே தூங்குகிற நேரம். அந்த நேரத்தில் அம்மா எதற்குக் கூப்பிட்டார்?

"டாக்டர், முதல்ல அம்மாட்ட பேசிட்டு வந்துடுங்க" என்றேன். பார்க்கிங் லாட்டுக்குப் போய்ப் பேசினார். அம்மாவுக்குத் தூக்கம் வரவில்லையாம், பையன் சாப்பிட்டானா என்று கேட்கக் கூப்பிட்டாராம். டாக்டர் சிரித்துக்கொண்டே வந்து நின்றார். ஒரே டேக்கில் முடித்துக் கொடுத்தார். அந்த வரியில் 'அம்மா'வையே வைத்துக்கொள்ளலாம் என்று அவரே சொன்னார். இன்றைக்கும் அந்த விளம்பரம் அப்படித்தான் ஓடுகிறது.

போனைச் சரிசெய்ய ஒரு நொடி போதும். அதற்குப் பிறகும் வேலை நடக்கவில்லை என்றால் போனையே நோண்டிக்கொண்டு நிற்காதீர்கள், எதிரே நிற்கிறவரைப் பாருங்கள். இதை நான் நன்றாகப் புரிந்துகொண்டது கோமதியின் விஷயத்தில். அதைத்தான் விரிவாகச் சொல்லப்போகிறேன்.

கோமதிக்குச் சொந்த ஊர் கோபிசெட்டிபாளையம். பிளசன்டனைத் தாண்டி ஒரு ஊரில் மருந்துக்கடையில் பார்மசிஸ்ட். ஊர் பேர் வேண்டாம். அந்த ஊர்ப் பள்ளிகளையெல்லாம் நடத்தும் நிர்வாகக் குழுவுக்குத் தேர்தல் வந்தது. கோமதி அதில் நிற்கிறார் என்று கேள்விப்பட்டபோது எனக்கு ஆச்சரியமாக இருந்தது. பொங்கல் விழாவில் மேடைக்கு வந்து நன்றி சொல்லச் சொன்னாலே சமையலறைப் பக்கம் போய்விடுகிற ஆள் அவர்.

நிற்பதற்கு ஒரு காரணம் இருந்தது. ஒரு நாள் கடைக்கு ஒரு பள்ளிக்கூடத்து டீச்சரிடமிருந்து போன். சின்ன வகுப்பில் படிக்கும் ஒரு பெண்ணுக்கு ஆஸ்துமா, மூச்சு இழுக்கிறது. அந்தப் பள்ளிக்கும் வேறு சில பள்ளிகளுக்கும் சேர்த்து ஒரே நர்ஸ், அன்றைக்கு அவர் வேறு பள்ளியில் இருந்தார். ஆம்புலன்ஸுக்குச் சொல்லியாகிவிட்டது. கையில் இன்ஹேலர் இருக்கிறது, எப்படிக் கொடுப்பது என்று டீச்சருக்குப் பதற்றத்தில் கை ஓடவில்லை. லேபிளில் இருந்த கடை நம்பருக்கு அடித்துவிட்டார். கோமதி போனை ஸ்பீக்கரில் போடச் சொல்லி, டீச்சருக்கு வழி சொல்லி, நடுநடுவே அந்தக் குழந்தையிடமும் பேசிக்கொண்டே இருந்தார், ஆம்புலன்ஸ் வரும்வரை. குழந்தை பிழைத்துக்கொண்டது. கோமதிதான் அதற்கப்புறம் சரியாகத் தூங்கவில்லை. ஒவ்வொரு பள்ளிக்கும் ஒரு நர்ஸ் வேண்டும் என்று கூட்டங்களுக்குப் போய்க் கேட்டுப் பார்த்தார். பதில் வராததால் தேர்தலிலேயே நின்றுவிட்டார்.

அவர் கணவர் சிவா குபெர்டினோவில் ஒரு கம்பெனியில் மேனேஜர். மனைவி நிற்கிறாள் என்று தெரிந்ததும் முழு மூச்சாக இறங்கிவிட்டார். போர்டு அடிப்பது, வீடு வீடாகப் போவது, எல்லாம் அவர் திட்டம். பேச்சையும் அவர்தான் எழுதினார். ஆபீசில் நாலு பேரிடம் படிக்கக் கொடுத்துத் திருத்தியிருந்தார்.

அந்த ஊரின் கம்யூனிட்டி டிவியில் வேட்பாளர்கள் எல்லாரும் ஆளுக்கு இரண்டு நிமிடம் பேச வேண்டும். நிறுத்தாமல் ஒரே டேக். நடுவில் நின்றுவிட்டால் இன்னும் ஒரே ஒரு வாய்ப்பு. வெட்டி ஒட்டக் கூடாது. அந்த டிவி ஸ்டேஷனில் ப்ராம்ப்டர் கிடையாது, வேண்டுமென்றால் நீங்களே கொண்டு வரலாம். அதற்குத்தான் என்னைக் கூப்பிட்டார்கள்.

நான் போவதற்குள் சிவா தன் போனில் ஆப்பைத் தயாராக வைத்திருந்தார். பேசுகிறவரின் குரலைக் கேட்டு எழுத்து தானாகவே நகர்கிற வசதியை ஆன் செய்திருந்தார். வீட்டில் அவரே பேசிப் பார்த்தாராம், பிரமாதமாக ஓடியதாம். கோமதி பேசிப் பார்த்தாரா என்று கேட்டேன். கடையிலிருந்து வரவே லேட் ஆகிவிட்டது, நேரம் இல்லை என்றார். ஒரு தடவை பேசிப் பார்த்துவிடலாம் என்றேன். ஆனால் அதற்குள் ஸ்டேஷன்காரர் உள்ளே கூப்பிட்டுவிட்டார்.

முதல் டேக். கோமதி நன்றாகத்தான் ஆரம்பித்தார். வணக்கம் சொன்னார், பெயர் சொன்னார், எழுத்து அழகாக நகர்ந்தது. பாதியில் எழுத்து நின்றது; சிவாவும் நானும் பதறிப்போய்ப் போனையே பார்த்தோம், கோமதி என்ன பேசுகிறார் என்பது எங்கள் காதில் ஏறவில்லை. கோமதி ஒரு வாக்கியம் பேசினார், நகரவில்லை. இன்னொன்று பேசினார், நகரவில்லை. வாயை மூடிக்கொண்டு கண்ணாடியையே பார்த்து நின்றார். கேமராவின் சிவப்பு விளக்கு அணைந்தது.

ஸ்டேஷன்காரர் தலை நரைத்த அமெரிக்கர், பொறுமைசாலி. கவலைப்படாதீர்கள், அடுத்த வேட்பாளரை முதலில் எடுத்துவிடுகிறேன், அவர் முடித்ததும் நீங்கள் வாருங்கள் என்றார். எங்களுக்குக் கிடைத்த நேரம் அவ்வளவுதான்.

வெளியே வராந்தாவில் வந்து நின்றோம். சிவா போனை எடுத்துத் தட்டிக்கொண்டே, "கோமதி, கொஞ்சம் க்ளியரா ப்ரனௌன்ஸ் பண்ணு. உன் ஆக்சென்ட்ட அது பிக்கப் பண்ண மாட்டேங்குது" என்றார். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அவரும் பதறிப்போயிருந்தார். ஆனால் கோமதி சுவரில் சாய்ந்துகொண்டார். என்னிடம் மெதுவாகச் சொன்னார்.

"அக்கா, இந்தப் போனுக்கே நான் பேசறது புரியலைங்க. ஊருக்கு எப்படிங்க புரியும்? நான் விலகிக்கிறேன்."

பிள்ளைகளே, இந்த இடத்தில் நமக்குக் கை பரபரக்கும். செட்டிங்கைத் திறந்து எதையாவது மாற்றத் தோன்றும். குரல் வசதியை அணைத்துவிட்டு ஒரே வேகத்தில் ஓட விடலாம், மொழித் தேர்வை மாற்றிப் பார்க்கலாம், நெட் இருக்கிறதா என்று பார்க்கலாம். எல்லாமே நியாயமான யோசனைகள்தான். ஆனால் இந்த வேலைக்கு வருவதற்கு முன் பல வருஷம் நான் சாஃப்ட்வேர் டெஸ்டிங்கில் இருந்தவள். ஒரு தவறு வந்தால் அது எந்த இடத்தில் வந்தது, அந்த நொடி என்ன நடந்துகொண்டிருந்தது என்று பார்க்காமல் எதையும் தொட மாட்டோம். கோமதியின் ஆக்சென்ட்தான் காரணம் என்றால் எழுத்து ஆரம்பத்திலேயே நின்றிருக்க வேண்டும். பாதிவரை ஒழுங்காக ஓடியதே, எப்படி?

உள்ளே போய் ஸ்டேஷன்காரரிடம் முதல் டேக்கை ஒரு தடவை கேட்கலாமா என்றேன். அடுத்த வேட்பாளர் மைக் மாட்டிக்கொண்டிருந்த அவகாசத்தில் ஹெட்போனைக் கழற்றி என்னிடம் கொடுத்தார். சிவா எனக்கும் அனுப்பியிருந்த பேச்சை என் போனில் வைத்துக்கொண்டு வரிவரியாக ஒத்துப் பார்த்தபடி கேட்டேன்.

கோமதியின் உச்சரிப்பில் ஒரு கோளாறும் இல்லை. ஒவ்வொரு வார்த்தையும் மணி மணியாக இருந்தது. ஆனால் அவை சிவா எழுதிய வார்த்தைகள் இல்லை. எழுத்து நின்ற இடத்தில் 'காம்ப்ரிஹென்சிவ் ஹெல்த் இன்ஃப்ராஸ்ட்ரக்சர்' என்று எழுதியிருந்தது. கோமதி அங்கே, ஒரு நாள் எங்கள் கடைக்கு ஒரு டீச்சர் போன் செய்தார் என்று சொல்லியிருந்தார். அவருக்கே தெரியாமல் அந்தக் குழந்தையின் கதைக்குப் போய்விட்டிருந்தார். போன் பாவம், 'இன்ஃப்ராஸ்ட்ரக்சர்' வரும் வரும் என்று காத்துக்கொண்டு நின்றது.

வராந்தாவுக்கு வந்து இரண்டு பேரிடமும் இதைச் சொன்னேன். கோமதி நம்பவில்லை.

"அவரு எழுதினதத்தானுங்க நான் படிச்சேன்?"

"இல்ல கோமதி. அந்தக் குழந்தையப் பத்திச் சொல்ல ஆரம்பிச்சுட்டீங்க."

சிவாவுக்கு முகம் மாறியது. அந்தச் சம்பவத்தை அவர் வேண்டுமென்றேதான் எழுதாமல் விட்டிருந்தார். ஒரே ஒரு சம்பவத்தை வைத்துப் பேசினால் கனமாக இருக்காது, கொள்கையாகப் பேச வேண்டும் என்று ஆபீஸ் நண்பர்கள் சொன்னார்களாம்.

"அப்ப நான் எழுதினது சரியில்லையா மேடம்?" என்று கேட்டார்.

அந்த மனிதர் எத்தனை ராத்திரி உட்கார்ந்து எழுதியிருப்பார் என்று எனக்குத் தெரியும். பொய் சொல்லவும் மனமில்லை.

"எழுதினது நல்லா இருக்கு சிவா. ஆனா பேசப்போறது நீங்க இல்லையே" என்றேன்.

மூடிய கதவுக்கு அந்தப் பக்கம் அடுத்த வேட்பாளர் பேச ஆரம்பித்திருந்தது மங்கலாகக் கேட்டது. பிறகு சிவா அங்கேயே தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து மடிக்கணினியைத் திறந்தார். இரண்டாவது பத்தி முழுவதையும் அழித்தார். அதைப் பார்க்க எனக்கே கஷ்டமாக இருந்தது. அழித்துவிட்டு நிமிர்ந்து, "சொல்லு கோமதி. அன்னிக்கு என்ன நடந்ததோ அதை அப்படியே சொல்லு. நான் டைப் பண்றேன்" என்றார்.

கோமதி சொன்னார். டீச்சர் கேட்டது, இன்ஹேலரைக் குலுக்கச் சொன்னது, ஸ்பீக்கரில் குழந்தையின் மூச்சு கேட்டது. அந்தக் குழந்தையிடம் என்ன சொன்னாய் என்று சிவா கேட்டார். அதை அவர் அதுவரை கேட்டதே இல்லை என்று எனக்குத் தோன்றியது. "பெருசா ஒண்ணும் இல்லைங்க. ஸ்லோ, ஸ்லோ, கண்ணா, ஐ ஆம் ரைட் ஹியர்னு சொல்லிட்டே இருந்தேன்" என்றார் கோமதி. சிவா அதையும் டைப் செய்தார். 'கண்ணா'வை எடுத்துவிடலாமா என்று கோமதி கேட்டதற்கு, இருக்கட்டும் என்றார்.

சிவா புதுப் பேச்சைப் போனுக்கு அனுப்பி முடிக்கவும் உள்ளே கூப்பிட்டார்கள். குரல் வசதியை அணைத்தேன். இருக்கிறது ஒரே வாய்ப்பு. எந்த வசதி சொதப்பக் கூடுமோ அதைச் சரிசெய்ய இப்போது நேரமில்லை, பேசாமல் அப்புறப்படுத்திவிட வேண்டியதுதான். எழுத்தை நானே ரிமோட்டில் நகர்த்துவது என்று முடிவு செய்தேன். அந்தப் பல் டாக்டரின் அம்மா ஞாபகம் வந்து போனை ஏரோப்ளேன் மோடிலும் போட்டேன்.

சிவப்பு விளக்கு எரிந்தது. கோமதி வணக்கம் சொன்னார். நான் ரிமோட்டை அழுத்தினேன், ஒன்றும் நகரவில்லை. ஏரோப்ளேன் மோடில் போட்டதும் அந்தப் போன், ரிமோட் வேலை செய்ய வேண்டிய ப்ளூடூத்தையும் சேர்த்து அணைத்துவிட்டிருந்தது.

நிறுத்தச் சொல்ல முடியாது. நான் குனிந்து, கேமராவில் விழாமல் பெட்டியின் பக்கவாட்டில் முட்டி போட்டு உட்கார்ந்தேன். முட்டி தேய்ந்துபோயிருக்கிறது என்று என் எலும்பு டாக்டர் சொல்லியிருந்ததெல்லாம் அப்போது யாருக்கு ஞாபகம். கண்ணாடிக்கு அடியில் கையை விட்டு விரலால் எழுத்தைத் தள்ள ஆரம்பித்தேன். எங்கே தள்ளுவது என்று பார்த்தால், போனில் எழுத்து இடவலம் மாறி இருக்கிறது, எனக்கோ அது பக்கவாட்டில் வேறு தெரிகிறது. ஒரு எழுத்தும் படிக்க முடியவில்லை. காதை மட்டும் நம்பினேன். கோமதி ஒரு வாக்கியம் முடித்தால் ஒரு தள்ளு. பத்தி முடிந்தால் கொஞ்சம் பெரிய தள்ளு. வராந்தாவில் அவர் சொன்னதைப் பக்கத்தில் இருந்து கேட்டவள் என்பதால் அடுத்து என்ன வரும் என்று எனக்குத் தெரிந்திருந்தது. அது மட்டும் இல்லையென்றால் தொலைந்திருப்போம்.

ஒரு இடத்தில் அதிகமாகத் தள்ளிவிட்டேன். கோமதி அசரவில்லை. அது அவர் காதால் கேட்ட கதை, எழுத்து எங்கே போனால் என்ன. தொடர்ந்து சொல்லிக்கொண்டே போனார், எழுத்தை நான்தான் பின்னால் இழுத்துக்கொண்டு வந்தேன்.

கடைசியில், ஒவ்வொரு பள்ளியிலும் ஒரு நர்ஸ் வேண்டும், நான் கேட்பது அவ்வளவுதான் என்று சொல்லும்போது கோமதியின் முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது. நல்ல, நிறைந்த சிரிப்பு. அந்தச் சிரிப்பைப் பற்றி அப்புறம் பல பேர் சொன்னார்கள். இவ்வளவு நம்பிக்கையாக முடித்தீர்களே என்று கேட்டார்கள். விஷயம் என்னவென்றால், அந்த நேரத்தில் என் ஆள்காட்டி விரல் கண்ணாடியில் பூதாகரமாகத் தெரிந்து எழுத்தின் குறுக்கே ஊர்ந்து போயிருக்கிறது. கோமதியால் அடக்க முடியவில்லை.

விளக்கு அணைந்ததும் நான் எழுந்திருக்க முயன்றேன், முடியவில்லை. ஸ்டேஷன்காரரும் சிவாவும் இரண்டு பக்கமும் பிடித்துத் தூக்கிவிட்டார்கள்.

வீடியோ அந்த ஊர் டிவியில் ஓடியது, பெற்றோர்களின் வாட்ஸப் குழுக்களிலும் சுற்றியது. கொஞ்ச நாள் கழித்து மருந்துக்கடைக்கு ஒரு அம்மாவும் மகளும் வந்தார்கள். அம்மா தன் மகளுக்கு மூச்சுத் திணறல் வந்த கதையைச் சொல்லத் தொடங்கியதுமே கோமதிக்குப் புரிந்துவிட்டது. அன்றைக்குப் பேசியது யாரென்று அந்தக் குடும்பத்துக்கு அதுவரை தெரியாது. மருந்துக்கடை அம்மா ஒருத்தர் என்று மட்டும்தான் தெரியும். வீட்டில் அந்த வீடியோ ஓடியபோது பக்கத்து அறையில் இருந்த குழந்தை 'கண்ணா' என்ற வார்த்தையைக் கேட்டு ஓடி வந்து, "தட்ஸ் த போன் லேடி" என்று சொல்லியிருக்கிறது. கவுன்ட்டருக்கு அந்தப் பக்கம் நின்று அந்தக் குழந்தை கோமதியை ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்ததாம். பிறகு கூச்சத்தோடு கையை ஆட்டியதாம்.

தேர்தலில் கோமதி தோற்றார். அதையும் சொல்லிவிட வேண்டும் இல்லையா? பல வருஷமாகக் குழுவில் இருக்கும் ஒருவர் ஜெயித்தார். ஆனால் அவரே கோமதியை அழைத்து, மாணவர் நலனுக்கான ஆலோசனைக் குழுவில் வந்து உட்காருங்கள் என்று கேட்டுக்கொண்டார். அடுத்த கல்வியாண்டில் இன்னொரு நர்ஸ் போட்டார்கள். பள்ளிக்கு ஒருவர் என்று இன்னும் ஆகவில்லை. கோமதி இப்போதும் கூட்டங்களுக்குப் போய்க்கொண்டுதான் இருக்கிறார்.

நீங்கள் கற்றுக்கொள்ள வேண்டியது என்று ஒரு வரி எழுதச் சொன்னால் இதைத்தான் எழுதுவேன்: எழுத்து நின்றுவிட்டால், பேசுகிறவர் என்ன சொல்லிக்கொண்டிருந்தார் என்று முதலில் கேளுங்கள். பேசுகிறவருக்குப் பின்னால் போகத்தான் நம் கருவி. அவரை அதற்குப் பின்னால் ஓட வைத்துவிட்டு, அப்புறம் அவர் நாக்கைக் குறை சொல்லாதீர்கள். அதிலும் இந்த ஊரில், நம் ஆட்கள் தங்கள் ஆங்கிலத்தைப் பற்றி ஏற்கெனவே வேண்டிய அளவு கேட்டுவிட்டுத்தான் நம் கேமரா முன்னால் வந்து நிற்கிறார்கள்.

தேர்தல் முடிவு வந்த மறுநாள், காரில் போய்க்கொண்டே கோமதிக்குப் போன் செய்தேன். தோற்றவரிடம் என்ன பேசுவது என்று முன்கூட்டியே யோசித்து வைத்திருந்தேன். அவர் கடையில் வேலையில் இருந்தார். "அக்கா, ஒரு நிமிஷம் லைன்ல இருங்க, ஒருத்தர் நிக்கிறாரு" என்று போனைக் கவுன்ட்டரில் வைத்துவிட்டார். யாரோ வயசானவர், காது மந்தம் போல. எந்த மாத்திரையைச் சாப்பாட்டுக்கு முன்னால் போட வேண்டும், எதைப் பின்னால் போட வேண்டும் என்று கோமதி ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டிருந்தார். அவர் திரும்பத் திரும்பக் கேட்டார். கோமதி ஒவ்வொரு தடவையும் முதல் தடவை சொல்வது போலவே, அவசரமில்லாமல், அவருக்குப் புரியும்வரை சொன்னார்.

நான் காரை ஓரமாக நிறுத்திவிட்டுக் கேட்டுக்கொண்டே இருந்தேன்.